அமானுடர் மொழி: நாகர் பாடை முதற் கிளிக்கி வரை

1. பிரச்சினை

கற்பனையுலகொன்றைப் படைக்கும் எழுத்தாளன் அவ்வுலகில் வாழும் மாயப் பிறவிகளுக்கெனத் தனிச் சொற்றொகுதியும் இலக்கணமும் கொண்ட மொழியொன்றையும் படைத்தளிப்பது இருபதாம் நூற்றாண்டில் மேலைநாட்டுக் கதையிலக்கியத்தில் வேரூன்றிய வழக்கமாகும். ஜே. ஆர். ஆர். ரொல்கீனின் கதைகளில் எல்வ் இனத்தார் பேசும் மொழிகள் அதன் சிறந்த எடுத்துக்காட்டு. தமிழ்ச் சூழலில் இவ்வழக்கம் பரவலான கவனத்தைப் பெற்றது 2015இல் வெளிவந்த 'பாகுபலி' திரைப்படத்தின் மூலமாகும். அப்படத்திற் காலகேயர் என்னும் கூட்டத்தினர் பேசுவதற்கென மதன் கார்க்கி உருவாக்கிய 'கிளிக்கி' சுமார் 750 சொற்களையும் 40 இலக்கண விதிகளையும் கொண்டு தொடங்கியது. அதனைப் பற்றிப் பேசியோர் பெரும்பாலும் சொற்களின் தொகையையும் ஒலிகளின் விந்தையையுமே வியந்தனர். அவ்வொலிகள் யாருடைய வாயில் வைக்கப்பட்டன, அவ்வாயினரை நாம் எவ்வாறு பார்க்குமாறு அவை செய்தன என்னும் வினாக்கள் போதியளவு எழுப்பப்படவில்லை.

தமிழிலக்கியப் பரப்பில் அமானுடருக்குக் குறைவில்லை. நாகர், இயக்கர், அரக்கர், பூதர், விஞ்சையர், பேய்கள் எனப் பலதிறத்தினர் காப்பியங்களிலும் பரணிகளிலும் கூத்துகளிலும் உலவுகின்றனர். ஆயினும் இவர்களுக்கென நமது புலவர்கள் புதுமொழி ஆக்கினாரல்லர். அனைவரும் ஆசிரியப்பாவிலும் தாழிசையிலும் விருத்தத்திலும் நல்ல தமிழே பேசுகின்றனர். இது கற்பனை வறட்சியின் விளைவா, அன்றி வேறொரு நோக்கின் வெளிப்பாடா என்பதை ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வினாவை யாழ்ப்பாணக் குடாநாட்டிலிருந்து எழுப்புவதற்கு ஒரு தனிப் பொருத்தமுண்டு. பாளி வரலாற்று நூல்கள் குறிப்பிடும் நாகதீபம் இக்குடாநாடே என்பது வரலாற்றாசிரியர் பலர்க்கும் உடன்பாடான முடிபு. மகாவம்சம் அங்கு வாழ்ந்தோரை மனிதராகக் காட்டவில்லை. ஆற்றல் மிக்க நாகங்களாகவே காட்டுகிறது. பிறர் எழுதிய வரலாற்றில் மாயப் பிறவிகளின் இருப்பிடமாகக் குறிக்கப்பெற்ற நிலத்தில் வாழ்வோர், மாயப் பிறவிகளின் மொழி பற்றிய பேச்சை வெறும் விளையாட்டாகக் கொண்டு அமைதல் இயலாது.

2. நாகர் பாடை

மணிமேகலையின் 'ஆதிரை பிச்சையிட்ட காதை' இப்பொருளில் நமக்குக் கிடைக்கும் தெளிவான பழஞ்சான்று. காவிரிப்பூம்பட்டினத்துச் சாதுவன் கணிகையாற் பொருளிழந்து, வங்கம் போகும் வணிகருடன் கடலேறி, கலம் உடைய, ஒடிந்த மரமொன்றைப் பற்றி நக்கசாரண நாகர் வாழும் மலைப்பக்கம் ஒதுங்குகிறான். களைத்துத் துயிலும் அவனை நாகர் சூழ்கின்றனர். தனியே கிடந்த அவனது உடல் அவர்களுக்கு உணவாகவே தோன்றுகிறது. விழித்தெழுந்த சாதுவனோ அவர்களது பாடையை மயக்கமறக் கற்றவன். அவன் அதிற் பேசியதும் சூழ்ந்தோர் விலகித் தொழுது, தம் தலைவனிடம் அவனை அழைத்துச் செல்கின்றனர்.

இந்நிகழ்ச்சியின் நுட்பம் ஊன்றி நோக்கற்பாலது. மொழி கேட்கும் வரை சாதுவன் நாகர்க்கு ஊன். மொழி கேட்டபின் விருந்தினன். இம்மாற்றம் ஒருபக்கம் மட்டும் நிகழ்வதன்று. கள்ளும் புலாலும் நாற, உலர்ந்த வெள்ளெலும்பு பரந்த இடத்திற் பெண்கரடியொடு கூடிய கரடி போல மனைவியுடன் வீற்றிருக்கும் தலைவனைக் காட்டும் புலவர், அடுத்து அவனை வினா எழுப்ப வைக்கிறார். கள்ளையும் ஊனையும் இளம்பெண்ணையும் சாதுவன் மறுத்தபோது, இவையின்றி உலகிற் பயன் யாதென அத்தலைவன் கேட்கிறான். உடலை விட்டு உயிர் எங்ஙனம் சென்று வேறோரிடத்திற் புகும் எனச் சிரித்து வினவுகிறான். இது காட்டுவிலங்கின் உறுமல் அன்று. காப்பியத்தின் சமயக்கணக்கர் பகுதியிலே பூதவாதி பேசுவதோடு ஒப்பவைத்து எண்ணத்தக்க, உலகியல் சார்ந்த ஐயம். கரடியென முதலில் நாம் கண்ட ஒருவன் மூன்றே வினாடிகளில் வாதியாகிவிடுகிறான். நாகர் பாடையின் ஒரு சொல்லையேனும் சாத்தனார் நமக்குத் தரவில்லை. அதிற் பேசப்பட்ட கருத்தை முழுமையாகத் தருகிறார்.

சாதுவன் இம்மொழியை ஏன் கற்றிருந்தான் என்பதற்குக் காப்பியத்தின் சமூகத் தளம் விடை தருகிறது. கடல்வாணிகம் செழித்த பட்டினத்தின் மகன் அவன். பண்டமாற்றுக்கு மொழி வேண்டும். உரையாடலின் முடிவிற் சாதுவன் நாகர்க்கு வகுக்கும் அறம் யாது? கலம் உடைந்து கரையொதுங்குவோரின் உயிரைக் காக்கவேண்டும். மூத்து விளியும் விலங்குகளையன்றிப் பிற உயிர்களைக் கொல்லலாகாது. முதல் அறம் பௌத்த அறம் என்பதோடு வணிகரின் தேவையுமாகும். தலைவன் அதனை ஏற்று, முன்னர் உடைந்த கலங்களினின்று கொண்ட சந்தனம், அகில், துகில் முதலியவற்றைக் கொடுத்து விடுக்கிறான். எனவே இவ்வுரையாடலைச் சமநிலை உரையாடல் என மிகைப்படுத்துதல் பொருந்தாது. கற்பிப்பவன் ஒருவன், கேட்டு ஒழுகுபவன் மற்றவன். எனினும் நாகர் சாதுவனின் மொழியைக் கற்கவில்லை. சாதுவனே நாகரின் மொழியைக் கற்றான். வந்தவன் இருப்பவனின் மொழியைக் கற்பது என்ற இந்நெறி பிற்கால வரலாற்றில் எத்துணை அரிதாயிற்று என்பதை நாம் அறிவோம்.

அதே காப்பியத்தில் மணிபல்லவத்தில் மணிப்பீடிகைக்காக இரு நாக அரசர் பொருகின்றனர். மகாவம்சமும் மகோதரன், சூளோதரன் என்னும் இருவரது போரை நாகதீபத்தில் நிகழ்ந்ததாகக் கூறும். நயினாதீவை இம்மரபுகளுடன் தொடர்புறுத்துவது வழக்கு. ஒரே பெயரால் ஒருபுறம் ஆடையற்ற மலைவாழ்நரும் மறுபுறம் பீடிகைக்குப் போரிடும் அரசரும் சுட்டப்படுதல், 'நாகர்' என்பது ஒரு மக்கட்கூட்டத்தின் பெயரே என்பதை உணர்த்தும். 1936இல் வல்லிபுரத்திற் கிடைத்த பொன்னேடு 'நகதிவ' என இப்பகுதியைக் குறித்து, வசப மன்னன் காலத்தில் அமைச்சன் ஒருவன் இதனை நிருவகித்ததைப் பிராகிருத மொழியிற் கூறுகிறது. 1980இல் ஆனைக்கோட்டைப் பெருங்கற்காலப் புதைகுழியிற் கண்டெடுக்கப்பட்ட முத்திரையில் ஒரு வரிசை பிராமி எழுத்துகளும் மறுவரிசை குறியீடுகளும் உள்ளன. நாகர் காலப்போக்கிற் தமிழ் பேசுவோரோடும் சிங்களம் பேசுவோரோடும் கலந்த பூர்விக மக்கள் என்ற கருத்தைக் கா. இந்திரபாலா 2005இல் வெளியிட்ட தமது ஆங்கில நூலில் விளக்கியுள்ளார். அங்ஙனமாயின் அமானுடர் எனப்பட்டோர் இரு மொழியினரதும் முன்னோருள் அடங்குவர்.

மகாவம்சத்து இயக்கரிடத்தும் இதுவே உண்மை. விசயனின் ஆட்கள் குவேனியை முதலிற் காணும்போது அவள் மரத்தடியில் நூல் நூற்றுக்கொண்டிருக்கிறாள். நூல் நூற்பவளுக்குப் பருத்தியும் கதிரும் நெசவும் உண்டு. அவற்றுக்குப் பெயர்களும் உண்டு. உழைப்பு உள்ள இடத்தில் மொழி உண்டு. வரலாறெழுதியோர் அவளை மாயக்காரியாக்கினர். ஆனால் கையிலிருந்த நூலை அகற்ற மறந்தனர்.

3. பைசாசமும் அரசவையும்

பேய்களின் மொழி என ஒரு மொழிக்கே பெயரிட்ட வழக்கு வட இந்திய மரபில் உண்டு. குணாட்டியரின் பிருகத்கதை பைசாச மொழியில் இயற்றப்பட்டது என்பர். தண்டி தமது காவியாதர்சத்தில் அதனைப் பூதமொழி என்றார். அம்மூலநூல் இன்று இல்லை. அதன் வழிவந்த நூல்களுட் கொங்குவேளிரின் பெருங்கதையும் ஒன்று; அதனை உ. வே. சாமிநாதையர் 1924இற் பதிப்பித்தார்.

பதினோராம் நூற்றாண்டிற் சோமதேவர் இயற்றிய கதாசரித்சாகரம் மூலநூலின் வரலாற்றைக் கதையாகக் கூறுகிறது. சாதவாகன மன்னனுக்குச் சமஸ்கிருதம் கற்பிப்பது பற்றிய பந்தயத்தில் தோற்ற குணாட்டியர் சமஸ்கிருதம், பிராகிருதம், நாட்டுமொழி ஆகிய மூன்றையும் துறந்தார். எஞ்சியது பைசாசம் ஒன்றே. அதனைக் காட்டிற் கற்று, மை இன்மையால் தமது குருதியால் ஏழு இலட்சம் பாடல்களை எழுதினார். மன்னன் அவற்றைப் பேய்மொழி என இகழ்ந்து ஒதுக்கினான். குணாட்டியர் தீ வளர்த்து, ஒவ்வோர் ஏடாகப் படித்துத் தீயிலிட்டார். காட்டு விலங்குகள் இரை மறந்து கண்ணீருடன் கேட்டு நின்றன. அவை மெலிந்து போனதால் அரண்மனை மடைப்பள்ளிக்கு நல்ல இறைச்சி கிட்டவில்லை. காரணம் தேடி மன்னன் வந்தபோது எஞ்சியிருந்தது ஓர் இலட்சம் பாடல்.

இக்கதையை வரலாறாகக் கொள்ளவேண்டியதில்லை. ஆயினும் ஒரு மொழி எவ்வாறு பேய்மொழியாகிறது என்பதற்கு இதனிற் சிறந்த விளக்கம் இல்லை. அம்மொழியில் எழுதப்பட்டது என்ன என அரசவை கேட்கவில்லை. எம்மொழியில் எழுதப்பட்டது என்றே கேட்டது. கேட்டு அழுத விலங்குகளுக்கு அது மொழியாயிருந்தது. உணவு குறைந்தபோதே மன்னனுக்கு அது பொருட்டாயிற்று. ஏமசந்திரர் முதலிய இலக்கணகாரர் கூற்றின்படி பைசாசத்தின் முக்கிய இயல்புகளுள் ஒன்று, ஒலிப்புடைய தகரம் ஒலிப்பிலாத் தகரமாதல். 'தாமோதரன்' என்பதன் இரு உச்சரிப்புகளையும் தமிழெழுத்து ஒரே வகையாகவே எழுதும். இவ்வியல்பு கருதி, பைசாசத்தைத் திராவிட மொழி பேசுவோர் வாயில் வழங்கிய ஆரியமொழி எனக் கொண்ட ஆய்வாளரும் உளர். வடமேற்கு எல்லைப்புறத்து மொழியெனக் கொண்டாரும் உளர். எவ்வாறாயினும் இலக்கணம் வகுக்கத்தக்க, மனிதர் பேசிய ஒரு மொழியே பேயின் பெயரைப் பெற்றது என்பதில் ஐயமில்லை.

குணாட்டியர் தம் கையாலேயே எரித்தார் எனக் கதை கூறும். யாழ்ப்பாணத்திற் பிறர் எரித்தனர். 1981 மே 31, யூன் 1 இரவில் யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் அழிந்த நூல்கள் ஏறத்தாழ 97,000. ஓலையேடுகளும் அவற்றுடன் எரிந்தன. அவற்றிற் கூறப்பட்டது என்ன என்று எரித்தோரும் கேட்கவில்லை.

4. தமிழ் பேசும் பேய்கள்

இனித் தமிழ்ப் பேய்களிடம் வருவோம். பன்னிரண்டாம் நூற்றாண்டிற் செயங்கொண்டார் பாடிய கலிங்கத்துப்பரணியிற் போர்க்களத்திலே கூழட்டு உண்ணும் பேய்களுட் பார்ப்பனப் பேய் உண்டு. சமணப் பேய், புத்தப் பேய் உண்டு. குருட்டுப் பேயும் ஊமைப் பேயும் உண்டு. ஊமைப் பேய் கையாற் குறிகாட்டித் தன் பசியைத் தெரிவிக்கிறது. பேய்க்கெனத் தனிமொழி இருப்பின் ஊமைப் பேய் என்ற நகைச்சுவைக்கு இடமேது? பேய்களும் நம் மொழியிலேயே பேசவேண்டும், பேசமுடியாதவை நம்மைப் போலவே சைகை செய்யவேண்டும் என்பது புலவரின் எடுகோள். பரணியின் பேயுலகம் சோழர்காலச் சமூகத்தின் தலைகீழ் நிழல். பசியும் பந்தியும் சமயப் பூசலும் அங்கும் உள. ஆகவே மொழியும் ஒன்றாயிற்று.

எனினும் ஒன்று மறத்தலாகாது. அமானுடருக்கு வேறு மொழி வகுக்காத மரபு, மனிதருக்குள் வேறு மொழி வகுத்தது. சமஸ்கிருத நாடகத்தில் அரசனும் அந்தணனும் சமஸ்கிருதம் பேச, பெண்டிரும் பணியாளரும் பிராகிருதங்களைப் பேசுவர். வால்மீகியின் சுந்தரகாண்டத்தில் அனுமன் சீதையிடம் எம்மொழியிற் பேசுவது எனச் சிந்திக்கிறான். அந்தணர் போலச் சமஸ்கிருதத்திற் பேசினால் அவள் தன்னை இராவணனென எண்ணி அஞ்சுவாள். ஆதலால் மனிதர் பேசும் எளிய மொழியிற் பேசுவதே தக்கது எனத் துணிகிறான். இலங்கை அரக்கர்கோன் பேசியது உயர்ந்தோர் மொழி. அச்சந் தராத மொழி பொதுமக்களது. இவ்விடத்து மொழியின் கோடு மனிதன், அரக்கன் என்ற பிரிவினூடாகச் செல்லாது, உயர்ந்தோர், எளியோர் என்ற பிரிவினூடாகவே செல்கிறது.

நமது நாட்டுக்கூத்தும் இவ்வகையினதே. அரக்கனுக்கும் அரசனுக்கும் வேறுபாடு தாளக்கட்டிலும் ஆட்டத்திலும் குரலிலும் ஒப்பனையிலும் அமையும். மொழி இருவருக்கும் செந்தமிழ்ச் சார்பானதே. பேச்சுத்தமிழ் அரங்கேறுவது பறையறைவோனும் ஏவலாளனும் கோமாளியும் வரும்போதாகும். பள்ளு நூல்களிலும் பள்ளியரின் ஏசலிலேதான் பேச்சுவழக்கு எட்டிப்பார்க்கிறது. சாதிப்படிநிலையில் தாழ்த்தப்பட்டோரின் மொழி அரக்கரின் மொழியினும் தொலைவில் வைக்கப்பட்டது என்பது கசப்பான உண்மை.

இது பழங்கதையன்று. 1950களின் பிற்பகுதியிலும் 1960களின் முற்பகுதியிலும் ஈழத்து முற்போக்கு எழுத்தாளர் தமது கதைமாந்தரை அவரவர் பேச்சுமொழியிலேயே பேசவிட்டபோது, அவர்களது ஆக்கங்கள் 'இழிசனர் இலக்கியம்' எனப் பழிக்கப்பட்டன. டொமினிக் ஜீவா, கே. டானியல் முதலியோரின் பாத்திரங்கள் பேசியது குடாநாட்டு மக்கள் நாள்தோறும் கேட்ட தமிழே. அதனை இலக்கியத்துக்கு ஒவ்வாத ஓசையென்று கொண்டோரின் மனநிலையும் குணாட்டியரை ஒதுக்கிய அவையின் மனநிலையும் ஒன்றே. 1972இல் டானியலின் 'பஞ்சமர்' வெளிவந்த பின்னரும் அவ்விவாதம் ஓய்ந்துவிடவில்லை.

5. மறைமொழி

பொருள் விளங்காத சொற்களை அமானுடரை நோக்கி வேண்டுமென்றே வழங்கும் ஒரு துறை நம்மிடையே உண்டு, அது மந்திரம். தொல்காப்பியச் செய்யுளியல் அதனை நிறைமொழி மாந்தரின் ஆணையிற் பிறக்கும் மறைமொழி எனக் கொள்கிறது. ஆணை, மறைவு என்னும் இரண்டும் இவ்வரையறையின் உயிர். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதும் வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்பதும் குழூஉக்குறி என நன்னூல் உரைகள் கூறும். சிறுவர்கள் எழுத்துதோறும் ககரத்தை இடையிட்டுப் பேசும் விளையாட்டும் இவ்வகையினதே. தொழிலாளரின் குழூஉக்குறி தொழிலைக் காக்கிறது. சிறுவரின் மறைபேச்சு பெரியோரிடமிருந்து அவர்களைக் காக்கிறது. மந்திரம் அதனை அறிந்தவனின் அதிகாரத்தைக் காக்கிறது.

ஈழத்து மானிடவியலாளர் எஸ். ஜே. தம்பையா 1968இல் நிகழ்த்திய 'சொற்களின் மந்திர ஆற்றல்' பற்றிய புகழ்பெற்ற விரிவுரை ஈண்டு பெரிதும் பயன்படும். சிங்களக் கிராமங்களிற் பேயோட்டும் சடங்குகளை ஆராய்ந்த அவர், சடங்கின் வெவ்வேறு பகுதிகள் வெவ்வேறு மொழிநிலைகளில் அமைவதைக் காட்டினார். கேட்போர்க்கு விளங்கும் சிங்களப் பாடல்கள் ஒருபுறம். பேய்களை விளித்து ஏவும் மந்திரங்கள் மறுபுறம். இம்மந்திரங்களிலே சமஸ்கிருதம், பாளி, சிங்களம் ஆகியவற்றோடு தமிழும் மலையாளமும் போன்ற தென்னிந்திய மொழிகளின் சொற்களும் கலந்து கிடக்கின்றன. இக்கலவையே பேய்களின் மொழியாகக் கருதப்படுகிறது. கூடியிருப்போர்க்கு விளங்காதது பேய்க்கு விளங்கும் என்பது நம்பிக்கை.

தமிழ் பேசும் நமக்கு இது வியப்பையும் சிந்தனையையும் ஒருங்கே தருவது. நமது தாய்மொழி நமது அயலவரின் சடங்கிற் பேய்மொழியின் ஒரு கூறு. இதனை அவமதிப்பாகக் கொள்ளவேண்டியதில்லை. யாழ்ப்பாணத்து மாந்திரிகத்தில் மலையாள மந்திரத்துக்கு உள்ள மதிப்பை எண்ணிப் பார்த்தால், நாமும் அயல்மொழியையே பேய்க்குரியதாக வைத்தோம் என்பது புலனாகும். அண்டை மக்களின் மொழி பாதி விளங்கியும் பாதி விளங்காதும் நிற்பது. அந்நிலையே அதற்கு மாயத்தன்மை தருகிறது. புதுமொழி புனையும் தேவையின்றியே அமானுடர் மொழி பிறக்கும் வழி இது. சடங்கில் இது தீங்கற்றது. அரசியலில் அவ்வாறன்று. 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் நிறைவேறிய பின், தமக்கு விளங்காத மொழியில் வந்த கடிதங்களைக் கையில் வைத்துக்கொண்டு நின்ற தமிழ் மக்களின் பேச்சு அரச அலுவலகத்தில் வெற்றோசையாயிற்று. 1987இற் பதின்மூன்றாவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. இடைப்பட்ட முப்பதாண்டுகளில் விளைந்தவை திருத்தத்தால் நீங்கவில்லை.

6. ரொல்கீனின் வழி

ரொல்கீன் ஒக்ஸ்போட் பல்கலைக்கழகத்து மொழியியற் பேராசிரியர். பின்னிஷ் மொழியின் ஓசையில் மயங்கிக் குவென்யாவையும் வெல்ஷ் மொழியின் ஓசையில் மயங்கிச் சிந்தாரினையும் ஆக்கினார். மொழிகளுக்கு ஓர் உலகு வேண்டியே கதைகளை எழுதியதாக அவர் கூறியதுண்டு. அவரது மொழிகளுக்கு வரலாறு உண்டு. மூலமொழியினின்று கிளைகள் பிரிதல், ஒலிகள் திரிதல், மக்கள் பிரிந்து சேர்தல் ஆகியன உண்டு. 1954, 1955 ஆண்டுகளில் வெளிவந்த அவரது பெருங்கதை இன்றும் நிலைப்பதற்கு இவ்வாழமும் ஒரு காரணம்.

ஆயினும் அவ்வுலகிலும் ஒரு பிரிவினை ஒலியளவிலேயே அமைந்துள்ளது. எல்வ் இனத்தாரின் மொழி உயிரொலியும் மெல்லொலியும் மிக்கு இனிமையாக ஒலிக்கும். தீயோனின் கருமொழியும் அதன் சிதைவுகளைப் பேசும் ஓர்க்குகளின் பேச்சும் கரடுமுரடாக ஒலிக்கும். இனிய ஒலி நல்லோர்க்கு, வல்லொலி தீயோர்க்கு என்பது மொழியியல் உண்மையன்று. எம்மொழியும் அதனைத் தாய்மொழியாகக் கொண்டோர்க்குத் தாலாட்டின் மொழியே. வல்லினமும் மெல்லினமும் இடையினமும் ஒரே நெடுங்கணக்கில் அடங்கிய தமிழுக்கு இதனைச் சொல்லித்தர வேண்டியதில்லை. 2009இல் வெளிவந்த 'அவதார்' திரைப்படத்திற்காக மொழியியலாளர் போல் ஃபுரோமர் ஆக்கிய நாவி மொழி வேறொரு திசையைக் காட்டியது. அதிற் படையெடுத்து வந்தவன் அம்மொழியைக் கற்று, கற்றதாலேயே பக்கம் மாறுகிறான். கதையின் பிற குறைகள் எவ்வாறாயினும், சாதுவனின் தடம் அதில் உண்டு.

7. கிளிக்கி

கிளிக்கியை இப்பின்னணியில் வைத்து நோக்குதல் வேண்டும். ஆசுதிரேலியாவிற் பயின்ற காலத்திற் சிறுவருடன் விளையாட்டாகப் பேச ஆக்கிய மொழியொன்றே இதன் முன்னோடி என ஆக்கியோன் கூறியுள்ளார். எதிர்ப்பொருட் சொற்களை ஒலியிலும் தலைகீழாக்கும் முறை இதன் சிறப்பியல்பு. 'மின்' என்றால் நான். 'நிம்' என்றால் நீ. நாவினாற் சொடுக்கும் ஒலிகளும் உண்டு. குறுகிய காலத்தில் ஒரு திரைப்படத் தேவைக்கென இத்துணை ஒழுங்குடன் மொழி சமைத்தல் எளிதன்று. அவ்வுழைப்பைப் பாராட்டுதல் கடன்.

ஆயின் அம்மொழி யாருக்கு வழங்கப்பட்டது? காலகேயர் என்ற பெயர் மகாபாரதத்தினின்று வந்தது. கடலுள் ஒளிந்திருந்த அவ்வசுரரை வெளிப்படுத்த அகத்தியர் கடலைக் குடித்தார் என்பது வனபர்வக் கதை. தமிழிலக்கணத்தின் மூலவரென நமது மரபு போற்றும் அதே அகத்தியரே காலகேயரின் ஒளிவிடத்தை வற்றச் செய்தவர் என்பது எதிர்பாராத ஒரு பொருத்தம். திரைப்படத்தில் இவர்கள் கரியமேனி தீட்டப்பட்டு, சடைமுடியும் வெறியும் கொண்டு, எண்ணற்றோராய் வந்து, எண்ணற்றோராய் மடிகின்றனர். மகிழ்மதியின் மாந்தர் பார்வையாளரின் மொழியைப் பேசுகின்றனர். காலகேயர் மட்டுமே விளங்காத மொழியைப் பேசுகின்றனர்.  விளங்காமையே அதன் பணி. கேட்டு அஞ்சுவதற்கும், அஞ்சியபின் அவர்கள் கொல்லப்படுவதைக் கூசாது காண்பதற்கும் அது துணைநிற்கிறது.

இதில் ஓர் உள்முரண் உண்டு. இலக்கணம் உள்ள இடத்திற் சமூகம் உண்டு. எண்ணுப்பெயர் உண்டெனில் எண்ணிப் பகிர்ந்த பொருள் உண்டு. தன்மை, முன்னிலை உண்டெனில் ஒருவரையொருவர் நோக்கிப் பேசிய மாலைப்பொழுதுகள் உண்டு. 750 சொற்கள் கொண்ட மக்களுக்கு வயலோ மகவோ தாலாட்டோ இல்லாதிருத்தல் எங்ஙனம்? படமோ அவர்களுக்குப் போரையன்றி வேறு வாழ்வு காட்டவில்லை. மொழியாக்கியவனின் கற்பனை மக்களைக் கண்டது. கதையாக்கியோரின் கற்பனை அவர்களைக் கூட்டமாக மட்டுமே கண்டது. குவேனியின் கையில் நூலையாவது விட்டுவைத்த பழைய வரலாற்றாசிரியன் இவ்வகையில் ஒருபடி மேலானவன்.

பின்னர் நிகழ்ந்ததும் கருதத்தக்கது. சொற்கள் பெருக்கப்பட்டு, தனி எழுத்தும் வகுக்கப்பட்டு, 2020 பெப்ரவரி 21இல் எவரும் எளிதிற் கற்கத்தக்க மொழியாகக் கிளிக்கி உலகுக்கு அறிமுகமாயிற்று. அந்நாள் அனைத்துலகத் தாய்மொழி நாள். 1952இல் டாக்காவிற் தம் மொழிக்காகச் சுடப்பட்டு இறந்த வங்க மாணவரின் நினைவில் எழுந்த நாள் அது. பேசுவோர் எவரும் இல்லாத மொழியொன்று, மொழிக்காக உயிர்நீத்தோரின் நாளில் அரங்கேறியதிற் தீய நோக்கம் இல்லை; மொழிமீதுள்ள ஆர்வமே உண்டு. எனினும் திரையில் மடிந்த காலகேயர் அப்போது முற்றாக மறக்கப்பட்டனர். முதலிற் பகைவரின் இரைச்சலாகவும் பின்னர்ச் சிறுவரின் விளையாட்டுப் பொருளாகவும் அம்மொழி வாழ்ந்தது; ஒரு மக்களின் மொழியாக ஒருநாளும் வாழவில்லை.

8. முடிபு

மேற்கண்டவற்றால் அமானுடருக்கு மொழி வகுத்தலில் மூன்று நெறிகள் புலப்படுகின்றன. அவர்களை நம் மொழியிலேயே பேசவைத்தல் முதலாவது. பரணியும் கூத்தும் இந்நெறியின. இது அவர்களை நமக்கு உறவாக்குகிறது. கூடவே அவர்களது வேற்றுமையை விழுங்கியும் விடுகிறது. விளங்காத மொழியைக் கொடுத்து விலக்கிவைத்தல் இரண்டாவது. காலகேயர் கண்டது இது. அவர்களுக்கு ஒரு மொழி உண்டென ஏற்று, அதனைக் கற்றுச் சென்று, அதிற் பேசப்பட்டதை நமக்குக் கொணர்தல் மூன்றாவது. சாதுவன் வழி அது. தமிழ்ப் புலவர் புதுமொழி புனையாமை கற்பனை வறட்சியால் அன்று. கேட்பவன் எவனாயினும் அவனது கருத்தை அறியவேண்டும் என்ற வேட்கை, ஒலியை வியக்கும் வேட்கையினும் அவர்களிடத்து மிகுந்திருந்தது.

இனித் தமிழில் மாயவுலகக் கதை எழுதுவோர் புதுமொழி ஆக்குவதில் தடையில்லை, ஆக்கவும் வேண்டும். ஆயின் சொற்களை எண்ணுமுன் மூன்றை வினவுதல் நன்று. இம்மொழி பேசுவோர் என்ன தொழில் செய்து உண்கின்றனர்? இம்மொழியில் அவர்கள் குழந்தையை எவ்வாறு அழைக்கின்றனர்? கதையில் இதனைக் கற்பவர் எவரேனும் உளரா? மூன்றாவது வினாவுக்கு விடையில்லையெனின் அம்மொழி வேலியாகவே முடியும்.

தொல்காப்பியர் அ, இ, உ எனச் சுட்டு மூன்று என்றார். தமிழகப் பேச்சில் உகரச்சுட்டு வழக்கொழிந்தது. யாழ்ப்பாணப் பேச்சிலோ 'உவன்', 'உது', 'உங்கை' என்பன இன்றும் உயிரோடுள்ளன. 'இவர்' என்றால் என் பக்கத்தவர். 'அவர்' என்றால் இருவர்க்கும் தொலைவில் உள்ளவர். 'உவர்' என்றால் கேட்கும் உன் பக்கத்தவர். கிளிக்கியின் இலக்கணத்தில் நீ என்பது நான் என்பதன் தலைகீழ். நமது பேச்சின் இலக்கணத்தில் நீ நிற்கும் இடத்துக்கும் தனியொரு சுட்டு உண்டு. நாகரையும் இயக்கரையும் காலகேயரையும் 'அவர்' என்று தொலைவில் நிறுத்திய கதைகள் பல. அவர்களை 'உவர்' என்று சுட்டும் கதை தமிழில் எழுதப்படவேண்டும். அதற்கான சொல் குடாநாட்டாரின் நாவில் ஏற்கெனவே உண்டு.